நெட் தேர்வுக்குப் புலனாய்வு இதழியலை நான் படித்த விதம்

இதழியல் பாடத்தில் நெட் (கல்லூரி உதவிப் பேராசிரியர் வேலைக்கான தேசியத் தகுதித் தேர்வு) எழுதப் போகிறவர்கள் முதலில் கேட்பது, எந்த கைடு வாங்கலாம் என்றுதான். ஏதாவது ஒன்று போதும். முதல் தாளில் 50 கேள்வி, இரண்டாம் தாளில் 100, ஒவ்வொன்றுக்கும் 2 மதிப்பெண், மொத்தம் 3 மணி நேரம். மைனஸ் மார்க் கிடையாது, அதனால் ஒரு கேள்வியையும் விடாதீர்கள். தேர்வு முறை இவ்வளவுதான்.

பலர் திணறுவது புலனாய்வு இதழியல் பகுதியில். கைடில் ஊழல் பெயர், பத்திரிகை பெயர், ஆண்டு என்று ஒரு அட்டவணை இருக்கும். மனப்பாடம் செய்தால் ராத்திரி நிற்கும், காலையில் போய்விடும். நான் அட்டவணையை மூடிவிட்டு ஒரே ஒரு நிருபரைப் பிடித்துக்கொண்டேன்: சித்ரா சுப்ரமணியம்.

1986 மார்ச்சில் 410 பீரங்கிகளுக்கு இந்திய அரசு ஸ்வீடனின் போபர்ஸ் நிறுவனத்தோடு போட்டது 1,437 கோடி ரூபாய் ஒப்பந்தம். 1987 ஏப்ரலில் ஸ்வீடன் வானொலி லஞ்சச் செய்தியை உடைத்தது. அப்போது சித்ரா ஜெனீவாவில் இருந்துகொண்டு 'தி இந்து'வுக்குச் செய்தி அனுப்பிக்கொண்டிருந்தார். அவர் திரட்டிய ஆவணங்கள் 1988 முதல் அதில் அச்சாயின. 1989இல் அங்கே தடங்கல் வந்ததும் 'இந்தியன் எக்ஸ்பிரஸ்' பக்கம் போனார். ஆவணங்களைக் கொடுத்தவர், ஸ்வீடனில் விசாரணைக்குத் தலைமை வகித்த போலீஸ் அதிகாரி ஸ்டென் லிண்ட்ஸ்ட்ராம். இது ஊருக்குத் தெரிந்தது 2012இல், அதுவும் அவரே வாய் திறந்த பிறகு. அதுவரை சித்ரா மூச்சு விடவில்லை.

இந்த ஒரு கதையில் கால வரிசைக் கேள்வி அடங்கிவிடுகிறது. தகவல் தந்தவரைக் காப்பது பற்றிய கேள்வியும் இங்கேயே இருக்கிறது. பத்திரிகைகள் மீதான புகார்களை விசாரிக்கும் பிரஸ் கவுன்சிலுக்கான 1978ஆம் ஆண்டுச் சட்டத்தின் பிரிவு 15(2), தகவல் எங்கிருந்து வந்தது என்று சொல்லும்படி நிருபரை அந்தக் கவுன்சில் கட்டாயப்படுத்த முடியாது என்கிறது. கவுன்சிலுக்குத்தான் இந்தத் தடை, நீதிமன்றத்துக்கு இல்லை. கூற்று, காரணம் வகைக் கேள்வியில் கால் இடறுவது இந்த இடத்தில்தான்.

தகவல் உரிமைச் சட்டப் பிரிவுகளை நான் படித்தது வேறு இடத்தில். அப்போது ஒரு நாளிதழுக்குப் பகுதி நேர நிருபர் வேலை. திங்கட்கிழமை ஆனால் சேலம் கலெக்டர் ஆபீஸ் குறைதீர் கூட்டத்தில் நிற்பேன். ஏற்காடு மலைக் கிராமத்திலிருந்து வந்த ஒரு பெரியவர் மஞ்சப்பையிலிருந்து ஒரு கட்டுக் காகிதத்தை எடுத்தார். பட்டா நகல், வில்லங்கச் சான்று, பழைய மனு ரசீதுகள், எல்லாவற்றையும் குண்டூசியில் கோத்து வைத்திருந்தார். "தேதி வாரியா அடுக்கியிருக்கேன் தம்பி, கலைச்சிடாதீங்க" என்றார். முதல் ரசீதிலிருந்து புரட்டினால், மனு எந்த மேசையிலிருந்து எந்த மேசைக்குப் போனது, எங்கே படுத்துக்கொண்டது என்று தானாகத் தெரிந்தது. எந்த வகுப்பிலும் இவ்வளவு சுத்தமான ஃபைலை நான் பார்த்ததில்லை.

அது மாதிரி ஒரு ஃபைல் உங்கள் கையிலும் சேர, உங்கள் தெருச் சாக்கடை பற்றியாவது ஒரு தகவல் உரிமை மனு போட்டுப் பாருங்கள். வெள்ளைத் தாள், 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப், பொதுத் தகவல் அலுவலர் என்று முகவரி. 'ஏன் செய்யவில்லை' என்று கேட்காதீர்கள், பதில் வராது. 'நடவடிக்கைக் கோப்பின் நகல் வேண்டும்' என்று கேளுங்கள். மனு போட்டது பிரிவு 6. பதிலுக்கு 30 நாள் காத்திருப்பது பிரிவு 7. உயிர், சுதந்திரம் சம்பந்தப்பட்டது என்றால் 48 மணி நேரம். தர முடியாது என்று வந்தால் காரணம் பெரும்பாலும் பிரிவு 8. மேல்முறையீடு பிரிவு 19: முதலாவதுக்கு 30 நாள், இரண்டாவதுக்கு 90. ஒரு முறை பதிலுக்காகக் காத்திருந்தவருக்கு இந்த எண்கள் மறக்காது. 2005ஆம் ஆண்டின் இந்தச் சட்டம் அரசு ரகசியங்களைக் காக்கும் 1923ஆம் ஆண்டின் அலுவலக ரகசியச் சட்டத்துக்கு மேலே நிற்பது பிரிவு 22இன்படி. இதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

சேர்ந்து படிக்க ஆள் கிடைத்தால் நல்லது. நாங்கள் தட்டுவடை செட் கடை வாசலில் நின்று ஆண்டுகளைக் கேட்டுக்கொள்வோம். தவறாகச் சொன்னவர் காசு கொடுக்க வேண்டும். எங்களைவிடக் கடைக்காரருக்குத்தான் லாபம்.

அப்புறம், டிசம்பர் பருவத்துக்கு எழுதும் ஏற்காட்டுக்காரர்கள் முதல் நாளே சேலத்தில் வந்து தங்கிவிடுங்கள். பனி இறங்கிய காலையில் 20 கொண்டை ஊசி வளைவையும் பஸ் எப்போது தாண்டும் என்று யாராலும் சொல்ல முடியாது, தேர்வுக்கூடக் கதவோ குறித்த நேரத்தில் மூடிவிடும்.