எரிந்த மதனும் எரியாத மதனும்

நம் பள்ளியில் என்னோடு படித்தவர்களில் பெரும்பாலோர் ‘சிலோன்காரங்க’ பிள்ளைகள். இலங்கைத் தோட்டத் தமிழரின் குடியுரிமை குறித்து இந்தியாவும் இலங்கையும் 1964இல் செய்த சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தப்படி தலைமன்னாரில் கப்பலேறி, ராமேஸ்வரத்தில் இறங்கி, மண்டபம் முகாம் வழியாகப் நீலகிரியில் பந்தலூர், சேரம்பாடி, கொளப்பள்ளிப் பக்கத்து டான்டீ (அரசுத் தேயிலைக் கழக) தோட்டங்களுக்கு வந்து சேர்ந்த குடும்பங்கள். பெட்டிக்கும் பாத்திரத்துக்கும் சுங்கத்தில் கணக்குக் காட்டியவர்கள், மதனையும் ரதியையும் மட்டும் யாருக்கும் காட்டாமல் கொண்டுவந்துவிட்டார்கள்.

மாசி அமாவாசை கழிந்து மூன்றாம் பிறையில் லயத்துக்கு, அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளுக்கு, முன்னாலிருந்த பொட்டலில் காமன் கூத்துக்குக் கம்பம் ஊன்றுவார்கள். பௌர்ணமி நெருங்க நெருங்கத் தப்புச் சத்தம் மலையை எழுப்பும். சிவனின் தவத்தைக் கலைக்கப் புறப்படும் மதனை ரதி தடுப்பாள். கேட்கமாட்டான். நெற்றிக்கண்ணில் எரிவான். எங்கள் தோட்டத்தில் ரதி வேஷம் கட்டியவர் பகலில் செடிக்கு மருந்தடிப்பவர், மீசையை மழிக்க வருடா வருடம் வீட்டில் சண்டை. ஆனால் அவர் புலம்பத் தொடங்கினால் பொட்டலே அழும். ஒப்பந்தம் ஒரே வீட்டை இரண்டாகப் பிரித்திருந்த காலம் அது. அண்ணனுக்கு இந்தியப் பாஸ்போர்ட், தங்கைக்கு இலங்கைக் குடியுரிமை. என் அப்பாயி அழுததெல்லாம் இலங்கையில் அட்டனிலேயே நின்றுவிட்ட தன் தங்கைக்காக. “மதன் செத்ததுக்கா அப்பாயி அழுவுற?” என்று ஒருமுறை கேட்டேன்.

“அவனுக்கென்ன, அவன் எந்திரிச்சுருவான்” என்றாள்.

இதெல்லாம் தெரியாமல்தான் நம் தமிழ் ஐயா ஆண்டுவிழாவுக்கு மதன் கதையை எடுத்தார். 1980களின் தொடக்கம். ஐயா சமவெளிக்காரர், நாடகப் பித்தர். சிறப்பு விருந்தினர் பனிமூட்டம் இறங்குமுன் ஊர் திரும்ப வேண்டும் என்பதால் அரை மணி நேரம்தான் தந்திருந்தார்கள். ஐயா யோசித்து, மதன் எரிவதோடு முடித்தார். சோகத்தில் முடிந்தால்தான் மனதில் நிற்கும் என்பது அவர் கட்சி.

சிவன் கண் திறந்தார், சிவப்புத் தாள் பறந்தது, மதன் விழுந்தான், திரையும் விழுந்தது. கைதட்டல் இல்லை. யாரும் எழுந்திருக்கவும் இல்லை. பின்வரிசையிலிருந்து ஒரு குரல்: “வாத்தியாரய்யா, மதனை எழுப்பிட்டுப் போங்க!”

ஐயா மேடை ஓரத்துக்கு வந்து, இது வெறும் நாடகம், மீதிக் கதை உங்களுக்கே தெரியுமே என்றார்.

“தெரிஞ்சதாலதான் கேக்குறோம்” என்றாள் ஒரு கிழவி. “செத்தவனை இப்புடியே போட்டுட்டு நாங்க எப்புடிங்கய்யா வீட்டுக்குப் போறது?”

மதனாக நடித்த பையன் அதற்குள் அரிதாரத்தைக் கழுவிவிட்டு, பள்ளிக் கால்சட்டையில் மேடைக்குப் பின்னால் பன் தின்றுகொண்டிருந்தான். பிடித்து உள்ளே தள்ளினார்கள். மென்றுகொண்டே நின்றான். ரதி ஓடிவந்து கையைப் பிடித்ததும் பெண்கள் போட்ட குலவையில் கூரைத் தகரம் அதிர்ந்தது. ஐயா எழுதிய நாடகத்தில் அந்தக் காட்சிக்கு ஒரு வரி வசனம்கூட இல்லை.

ஐயா கோபப்படவில்லை என்பதுதான் ஆச்சரியம். மறுநாள் வகுப்பில், தஞ்சாவூர்ப் பக்கம் காமன் பண்டிகையில் நடக்கும் லாவணியைப் பற்றிச் சொன்னார். மன்மதன் எரிந்தான் என்று ஒரு கட்சி, எரியவே இல்லை என்று ஒரு கட்சி. டேப் என்ற தோல்கருவியை அடித்து விடியவிடியப் பாடி வாதாடுவார்கள். “உங்க ஊரு மொத்தமும் எரியாத கட்சி, அதை முன்னாடியே சொல்லியிருக்கக் கூடாதாடா?” என்றார். புராணமும் இரண்டு பேருக்கும் இடம் வைத்திருக்கிறது: சிவன் உயிர் கொடுக்கிறார், ஆனால் ரதியின் கண்ணுக்கு மட்டுமே தெரிவான் என்கிறார்.

பிழைப்புக்காக லண்டன் வந்த பிறகு, வெள்ளைக்காரர்களும் எரியாத கட்சிதான் என்று தெரிந்துகொண்டேன். ஷெர்லாக் ஹோம்ஸ் என்ற துப்பறிவாளரின் கதைகளை எழுதி அலுத்துப்போன கோனன் டாயில், 1893இல் அவரை சுவிட்சர்லாந்தில் ஓர் அருவியில் தள்ளிக் கதையை முடித்தார். வாசகர்கள் விடவில்லை. 1903இல் உயிரோடு திரும்ப அழைத்துவர வேண்டியதாயிற்று. கதையில் ஹோம்ஸ் குடியிருந்த பேக்கர் தெரு முகவரி விழும் இடத்தில் இருந்த வீட்டுக்கடன் நிறுவனம், ஹோம்ஸ் பெயருக்கு வரும் கடிதங்களுக்குப் பதில் போடவே பல்லாண்டு காலம் ஓர் ஆளை வைத்திருந்தது. என் அப்பாயிக்கு இதைச் சொல்லியிருந்தால் சிரித்திருக்கமாட்டாள்; பதிலில் என்ன எழுதினார்கள் என்று கேட்டிருப்பாள்.

கதை எழுதியவருக்கே சொந்தம் என்று நம் பழைய மாணவர் சங்கக் கூட்டத்திலேயே ஒரு நண்பர் அடித்துப் பேசினார். சட்டப்படி சரி. அவர் அந்த ஆண்டுவிழாவுக்கு வரவில்லை.

பன் தின்ற பையனுக்கு அன்றோடு சொந்தப் பெயர் போயிற்று. வாத்தியார்களே ‘டேய் மதன்’ என்றுதான் கூப்பிட்டார்கள். கல்யாணப் பத்திரிகையில் அடைப்புக்குறிக்குள் அதையும் அச்சடிக்க வேண்டியிருந்தது, இல்லாவிட்டால் தோட்டத்தில் பாதிப் பேருக்கு மாப்பிள்ளை யாரென்று தெரியாது. இன்று டொராண்டோ கிளையில் மொய் எழுதுகிறவர்களும் மதன் அண்ணன் என்றே எழுதுகிறார்கள். அவரை எரித்த சிவன் யார் என்பதுதான் எங்கள் வகுப்பில் ஒருவருக்கும் நினைவில்லை. நினைவிருப்பவர்கள் சங்கச் செயலாளருக்கு எழுதலாம்.