எத்தினையாம் இடம்? நோர்வேக்கு வந்த யாழ்ப்பாணப் பெற்றோருக்கு

கோடையில் ஒஸ்லோவில் மாலை ஆறு மணியென்றால் யாழ்ப்பாணத்தில் இரவு ஒன்பதரை. உதைபந்தாட்டச் சுற்றுப்போட்டி முடிந்து வந்த பிள்ளை, வேர்வை காயாமல், கழுத்தில் பதக்கத்தோடு கைத்தொலைபேசிக்கு முன்னால் நிற்கும். சுன்னாகத்திலோ கரவெட்டியிலோ நித்திரைக்குப் போகாமல் காத்திருக்கும் அம்மப்பா கேட்கும் முதற்கேள்வி ஒன்றுதான்: "எத்தினையாம் இடம் வந்தனி, ராசா?" பிள்ளை, "தெரியாது அம்மப்பா, எல்லாருக்கும் தந்தவை" என்று சொல்லும். அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் பேச்சிருக்காது. பிறகு, "எல்லாருக்கும் தந்தால் அது என்ன பரிசு?"

புதிதாக வந்த குடும்பங்களில் இந்த உரையாடல் ஏதோ ஒரு வடிவில் நடக்கிறது. இடையில் நிற்கும் தாய் தகப்பனுக்கு இரண்டு பக்கத்துக்கும் பதில் சொல்லத் தெரிந்திருக்க வேண்டும். அதற்கு முதலில் இங்கத்தைய விதி தெரிய வேண்டும்.

நோர்வே விளையாட்டுச் சம்மேளனம் சிறுவர் விளையாட்டுக்கென்று தனி விதிகளை 1987 இல் ஏற்றுக்கொண்டது. 2007 இல் சிறுவர் உரிமைகளும் அதனோடு சேர்ந்தன. சம்மேளனத்தில் அங்கம் வகிக்கும் எந்தக் கழகத்துக்கும், எந்த விளையாட்டுக்கும் அவை பொருந்தும். 6 வயது முதல் சொந்தக் கழகத்திலும் அயற்கழகங்களோடும் போட்டியிடலாம். 9 முதல் பிராந்தியப் போட்டிக்குப் போகலாம். முடிவுப் பட்டியல், புள்ளி அட்டவணை, தரவரிசை எல்லாம் 11 வயதாகும் ஆண்டிலிருந்துதான். தேசிய வல்லவர் போட்டிக்கு 13 ஆகும் ஆண்டு வர வேண்டும். சிறுவர் விளையாட்டில், அதாவது 12 வயது வரை, பரிசு கொடுப்பதென்றால் எல்லாருக்கும் கொடுக்க வேண்டும். ஆகவே பிள்ளையின் கழுத்தில் தொங்குவது பயிற்றுநரின் தாராள மனசு அல்ல, விதி.

இங்கே வயதென்பது பிறந்தநாளைப் பார்த்தல்ல, பிறந்த ஆண்டைப் பார்த்து. தை மாதம் பிறந்த பிள்ளையும் மார்கழியில் பிறந்த பிள்ளையும் ஒரே அணி. ஆறு வயதில் பதினொரு மாதம் என்பது அந்தப் பிள்ளை வாழ்ந்த காலத்தில் கிட்டத்தட்ட ஆறில் ஒரு பங்கு. உயரத்திலும் ஓட்டத்திலும் அது அப்படியே தெரியும். அந்த வயதில் முதலாம் இடம் எடுத்த பிள்ளையைக் கெட்டிக்காரன் என்கிறோம். பல தடவைகளில் அது தையில் பிறந்த பிள்ளை என்பதற்கு மேல் ஒன்றுமில்லை. ஊரிலும் இதே கதைதான். பாடசாலை விளையாட்டில் வயதுப் பிரிவு இரண்டு ஆண்டுக்கு ஒன்று என்பதால் இடைவெளி இன்னும் பெரிது. ஒரு பிரிவின் இளைய முனையில் நிற்கும் பிள்ளை அந்த ஆண்டு தோற்றுவிட்டு, அடுத்த ஆண்டு அதே பிரிவின் மூத்த முனைக்கு வந்து வெல்லும்.

"அப்ப இஞ்ச போட்டியே இல்லையோ?" என்று கேட்பவர்கள் சனிக்கிழமை ஒரு நாள் மைதானத்துக்குப் போய்ப் பார்க்க வேண்டும். ஆறேழு வயதுக்கு மூன்றுக்கு மூன்று பேர், 15 மீற்றர் நீளம், 10 மீற்றர் அகலம், சிறிய கோல், கோல்காப்பாளர் இல்லை. பந்து வெளியே ஓடாமல் பக்கத்தில் தடுப்புப் பலகை. இடம் சிறிதானால் ஒவ்வொரு பிள்ளையின் காலிலும் பந்து அதிக தரம் படும். அதற்காகத்தான் இந்த ஏற்பாடு. கொஞ்சம் வளர்ந்ததும் ஐந்துக்கு ஐந்து. ஒரு அணி நான்கு கோல் பின்தங்கினால் அது இன்னொரு ஆளைக் கூடுதலாக இறக்கலாம். யாரும் அட்டவணை போடுவதில்லை என்பதற்காகப் பிள்ளைகள் எண்ணாமல் விடுவதுமில்லை. காரில் ஏறும்போது "ஏழுக்கு மூன்று" என்று தெளிவாகச் சொல்வார்கள். விதி தடுப்பது பெரியவர்கள் அந்த எண்ணை எழுதி மாட்டுவதை மட்டும்தான்.

இந்த விதியால் ஒரு நாடு சோம்பிப் போகவில்லை. ஐம்பத்தைந்து இலட்சம் பேர் அளவிலான இந்த நாடு 2018 குளிர்கால ஒலிம்பிக்கில் 39 பதக்கமும், 2022 இல் 16 தங்கமும் எடுத்தது. அதற்குப் பனியும், பணமும், ஊருக்கு ஊர் கழகமும் காரணம். பதக்கம் எல்லாருக்கும் கொடுத்ததால் வென்றார்கள் என்று சொல்ல முடியாது. கொடுத்தும் வென்றார்கள் என்று சொல்லலாம். வாதத்துக்கு அது போதும்.

எல்லாருக்கும் பரிசு கொடுக்கலாமா என்ற இந்தச் சண்டை சூடாக நடப்பது அமெரிக்காவில். அங்கே 1922 இலேயே ஒஹாயோவில் ஒரு பாடசாலைக் கூடைப்பந்துத் தொடரில் பங்குபற்றியவர்களுக்கு வெற்றிக்கிண்ணம் கொடுப்பதாகப் பத்திரிகைச் செய்தி வந்தது. 2015 இல் ஜேம்ஸ் ஹரிசன் என்ற 'அமெரிக்கன் ஃபுட்போல்' வீரர் (நாங்கள் சொல்லும் உதைபந்தாட்டம் அல்ல), தன் பிள்ளைகளுக்குக் கிடைத்த பங்குபற்றல் கிண்ணங்களைத் திருப்பி அனுப்பப்போவதாக அறிவித்தார். அவருக்குக் கைதட்டிய தகப்பன்மார் எங்களுக்குள்ளும் நிறையப் பேர். ஆனால் அந்தப் பிள்ளைகளுக்கு அப்போது ஆறும் எட்டும் வயது. அதைப் பார்க்காமல் இந்த விடயத்தைப் பேசக் கூடாது.

ஜோன் நிக்கொல்ஸ் என்ற உளவியலாளர் 1970களின் இறுதியிலிருந்து ஆராய்ந்தது இதைத்தான். சிறு பிள்ளைக்கு முயற்சியும் திறமையும் ஒன்று. நன்றாக ஓடி முயன்றவன் நல்ல ஓட்டக்காரன், அவ்வளவுதான். பதினொன்று, பன்னிரண்டு வயதளவில்தான் இரண்டும் முழுதாகப் பிரிகின்றன: "நான் எவ்வளவு முயன்றாலும் அவன் என்னைவிட வேகம்." ஆறு வயதுப் பிள்ளைக்கு எல்லாருக்குமான பதக்கம் உண்மையான மகிழ்ச்சி. அதே பதக்கத்தைப் பன்னிரண்டு வயதுப் பிள்ளை காற்சட்டைப் பைக்குள் மறைக்கும். அந்தப் பதக்கத்துக்கு ஒரு காலாவதி உண்டு. வேண்டும் என்பவர்கள் பதினைந்து வயதுக்கும் அதைக் கொடுக்கப் பார்க்கிறார்கள். வேண்டாம் என்பவர்கள் ஐந்து வயதிலேயே பறிக்கப் பார்க்கிறார்கள். இரண்டுமே பிழை என்பது எங்கள் முடிவு.

இது முழுதாக வெளிநாட்டுச் சரக்கும் அல்ல. யாழ்ப்பாணத்து முன்பள்ளி விளையாட்டு விழாவை நினைத்துப் பாருங்கள். முயல் பாய்ச்சல், பழம் பொறுக்குதல், பலூன் உடைத்தல், முடிவில் எல்லாப் பிள்ளைக்கும் ஒரு தண்ணீர்ப் போத்தலோ சாப்பாட்டுப் பெட்டியோ. அதை யாரும் குறை சொன்னதில்லை. பாடசாலைக்குப் போனதும் காட்சி மாறுகிறது. ஆண்டின் முதல் மாதங்களில் வரும் இல்ல விளையாட்டுப் போட்டியில் மேடையேறுவது மூன்று பேர். எங்கள் விளையாட்டு நினைவும் முதலாமவர்களின் நினைவுதான்: 1958 தோக்கியோ ஆசிய விளையாட்டு விழாவில் உயரம் பாய்தலில் தங்கம் எடுத்த எதிர்வீரசிங்கம், உலகக் கிண்ண வலைப்பந்தாட்டத்தில் கோல் குவித்த தர்ஜினி சிவலிங்கம்.

ஆனால் அந்த இல்லப் போட்டிக்குள்ளேயே ஓடத் தெரியாத பிள்ளைக்கும் இடம் இருந்தது. குரோட்டன் கிளையும் தென்னோலையும் கட்டி இல்லம் சோடிக்கும் பிள்ளை, அணிநடையில் கடைசி வரிசையில் கை வீசும் பிள்ளை, உடற்பயிற்சிக் கண்காட்சியில் வளையம் பிடிக்கும் பிள்ளை எல்லாருக்கும் அது தன் இல்லம். சோடனைக்கும் அணிநடைக்கும் தனிப்பரிசு உண்டு. கேடயம் எடுத்தால் எல்லாரும் சேர்ந்து கத்துவார்கள். நோர்வேக்காரர் ஒரு சின்னப் பதக்கத்தால் செய்ய முயல்வதை ஊரில் இல்லத்தின் நிறம் செய்தது. அம்மப்பாவுக்கு விளக்கும்போது இங்கிருந்து தொடங்கினால் உடனே பிடிபடும்: "அது முதலாம் இடப் பரிசில்லை மாமா. இல்லத்து ரீசேட் மாதிரி. அண்டைக்கு அவனும் நிண்டவன் எண்டதுக்கு அடையாளம்."

பரிசு என்ற சொல்லை அந்தப் பதக்கத்துக்குப் பயன்படுத்தாமல் விடுவதே பாதி வேலை. மீதிப் பாதி, பிள்ளையிடம் பொய் சொல்லாமல் இருப்பது. ஏழுக்கு மூன்று தோற்ற பிள்ளையிடம் "நீதான் சம்பியன்" என்றால், எண்ணத் தெரிந்த பிள்ளை அடுத்த முறை உங்கள் பாராட்டை நம்பாது. "இது என்ன குப்பை" என்றாலும் பிள்ளை அடுத்த கிழமை போக மாட்டேன் என்னும். கண்ணால் கண்டதைச் சொல்லுங்கள்: இடது காலால் அடித்தது, விழுந்த எதிரணிப் பிள்ளைக்குக் கை கொடுத்தது, போன கிழமை பந்தைக் கண்டு ஒதுங்கியவன் இன்றைக்கு ஒதுங்காதது. இதைச் சொல்ல நீங்கள் போட்டியைப் பார்த்திருக்க வேண்டும். கைபேசியைக் குனிந்து பார்த்துக்கொண்டு நின்றவரால் சொல்ல முடியாது.

அமெரிக்காவில் 2014 இல் வெளியான ஓர் ஆய்வில் இளம் வீரர்களும் பெற்றோரும் பயிற்றுநர்களும், விளையாட்டில் எது சந்தோசம் தருகிறது என்று 81 காரணங்களை அடுக்கினார்கள். முன்னுக்கு வந்தவை முயன்று விளையாடுவது, அணிக்குள் இணக்கம், பயிற்றுநர் நல்லபடி நடத்துவது. வெல்லுதல் முன்வரிசையில் இல்லை. ஆகவே கழகம் தேடும்போது அலுமாரியில் எத்தனை கிண்ணம் என்று பார்ப்பதைவிட, எல்லாப் பிள்ளைக்கும் சமநேரம் ஆட்டம் கிடைக்கிறதா என்று கேளுங்கள். பதக்கம் கொடுத்துவிட்டுப் பிள்ளையை வாங்கிலே இருத்தி வைப்பதுதான் உண்மையான ஏமாற்று.

சேர்வது இலகு. அங்கத்துவப் பணம், பயிற்சிக் கட்டணம் என்று இரண்டு தனித்தனியாக வரும். பயிற்சி நேர அறிவித்தல்கள் பெரும்பாலும் ஸ்பொண்ட் செயலியில். வருவோம், வரமாட்டோம் என்று அதில் பதில் அழுத்தாவிட்டால் அணி பிரிக்கும்போது பிள்ளையின் பெயர் விடுபடும். உதைபந்துக்கு, காலுறைக்குள் வைக்கும் முன்கால் காப்பு கட்டாயம். சறுக்குப் பலகை, பனிச் சப்பாத்து போன்றவற்றை வாங்க முன், பூஆ என்ற பெயரில் பல ஊர்களில் இருக்கும் இலவச இரவல் நிலையத்தைப் பாருங்கள். கடைசியாக டுக்னாட். பெற்றோர் முறைவைத்துச் செய்யும் கூட்டுவேலை அது. கோயில் திருவிழாவில் உபயகாரர் வேலை பகிர்வது போல, வாபிள் சுடுவது, கோப்பி விற்பது, கோல் தூக்குவது. மொழி சரியாக வராவிட்டாலும் போங்கள். பிள்ளைக்குக் கூட்டாளி கிடைப்பது அங்கேதான்.

இரண்டு உலகமும் முட்டிக்கொள்ளும் இடம் இங்குள்ள தமிழ்ப் பாடசாலைகளின் விளையாட்டுப் போட்டி. அங்கே இல்லங்களும் உண்டு, கேடயமும் உண்டு, ஐந்து வயதுப் பிள்ளை அழுகிற அழுகையும் உண்டு. ஒழுங்கு செய்பவர்களுக்குச் சில விடயங்கள்.

ஏழு வயது வரை 30, 40 மீற்றர் ஓட்டம் போதும். முன்னைய வாரம் பயிற்சியில் நேரம் எடுத்து, ஒத்த வேகமுள்ள ஆறு பேரை ஒரு ஓட்டத்தில் விடுங்கள். பெயர் அகரவரிசையில் விட்டால் ஒரு பிள்ளை இருபது மீற்றர் பின்னால் தனியே வரும். எல்லாரும் அதையே பார்ப்பார்கள். பதக்கத்தை மேடையில் வைத்துக் கொடுக்காமல், முடிவுக் கோட்டில் மூத்த மாணவர் நின்று வந்த வரிசையில் போடட்டும். பதிவுக்கு மேல் பத்தில் ஒரு பங்கு கூடுதலாக வாங்குங்கள்: 120 பிள்ளையென்றால் 132. அன்று காலை வந்து பெயர் கொடுப்பவர்கள் இருப்பார்கள், கைப்பிள்ளைத் தம்பியும் கேட்பான். பதக்கத்தில் ஆண்டைப் பொறிக்காமல் பின்னால் ஸ்ரிக்கர் ஒட்டினால் மிச்சம் அடுத்த ஆண்டுக்கு உதவும். நாடாக்களை முதல்நாளிரவே பிரித்துத் தடியில் கோர்த்து வையுங்கள். பெட்டிக்குள் சிக்கிய நாடாவை ஓட்டம் முடிந்த பிறகு பிரிப்பதுதான் அரைமணித்தியாலத் தாமதத்துக்குக் காரணம். எல்லாவற்றையும் சரியாகச் செய்தாலும் ஒலிபெருக்கி கெடுத்துவிடும். அறிவிப்பாளர் பழக்கதோசத்தில் "முதலாம் இடம்" என்று தொடங்குவார். அவர் கையில் பெயர்ப் பட்டியலை மட்டும் கொடுங்கள்.

எட்டு முதல் பத்து வயது வரை, நின்று பாய்தலையும் பந்தெறிதலையும் அளந்து ஆளுக்கொரு அட்டையில் எழுதிக் கொடுங்கள். இரண்டு முயற்சி, இரண்டு அளவு. பிள்ளை முதலாவதையும் இரண்டாவதையும் தானே ஒப்பிடும். அடுத்த ஆண்டு அந்த அட்டையோடு வரும். பதினொன்று, பன்னிரண்டுக்கு நேரத்தையும் இடத்தையும் வாசியுங்கள், பதக்கம் எல்லாருக்கும் ஒரே அளவில் இருக்கட்டும். பதின்மூன்றிலிருந்து ஊர் முறை: மூன்று படி மேடை, மூன்று பதக்கம், சுற்றுக்கேடயம், அழுகை வந்தால் அழுகை. கிண்ணம் வாங்கினால் அடிப்பக்கத்துச் சுரையைத் திருகி இறுக்கிவிட்டு மேசையில் வையுங்கள். கூம்பும் தண்டும் கல் அடியும் ஒரே கம்பியில்தான் நிற்கின்றன. தூக்கிக் காட்டும்போது கழன்று விழுவது அதனால்தான்.

ஊரில் பத்து வயதில் புலமைப்பரிசில் வெட்டுப்புள்ளி பிள்ளைகளை இரண்டாகப் பிரித்துவிடுகிறது. மேலே நின்றவருக்கு மாலையும் பதாகையும், இரண்டு புள்ளியால் கீழே நின்றவருக்கு வீட்டு அமைதி. அதோடு ஒப்பிட்டால் இங்கே பதினொரு வயதில் வரும் முதல் பட்டியல் மென்மையானது. என்றாலும் ஆயத்தம் இல்லாத பிள்ளைக்கு அது அடிதான். அதற்கு முந்திய இரண்டு ஆண்டில் வீட்டில் கரம், தாயம், சீட்டு விளையாடுங்கள், வேண்டுமென்று தோற்றுக் கொடுக்காதீர்கள். தோற்ற பிறகு காயை அடுக்கி வைப்பதும் விளையாட்டில் சேர்த்தி என்று பழக்குங்கள். பட்டியல் வந்த நாளில் இடத்தோடு நேரத்தையும் தனியாகக் குறித்து வையுங்கள். அன்றிரவு யாழ்ப்பாணத்துக்கு எடுக்கும் அழைப்பில் அம்மப்பா கேட்கட்டும், இனி அவர் கேட்கலாம்.

"எத்தினையாம் இடம் ராசா?"

"பதினேழு அம்மப்பா."

"எத்தினை பேரில?"

"இருபத்திமூண்டில. ஆனால் போன முறையிலும் நாலு செக்கன் கெதியா ஓடினனான்."

"நாலு செக்கனோ? எப்பிடி ஓடினனி, சொல்லு பாப்பம்."