ஹ்ருஷின்ஸ்கியின் சீப்பு

ஞாயிறு காலை பினாங்கின் ஆயர் ஈத்தாமில் பசியாறிவிட்டு வந்து, செக் நடிகர் ருடால்ஃப் ஹ்ருஷின்ஸ்கியின் 'பிணம் எரிப்பவன்' படத்தை மூன்றாம் முறையாகப் பார்த்தேன். 1969இல் யுராய் ஹெர்ட்ஸ் இயக்கியது. படத்தில் ஹ்ருஷின்ஸ்கி, செக் தலைநகர் பிராகாவில் பிணம் எரிக்குமிடத்தில் வேலை பார்ப்பவர். சவப்பெட்டியில் கிடப்பவரின் தலையைச் சீவிவிட்டு, அதே சீப்பால் தன் தலையையும் சீவிக்கொள்வார். குரல் ஏறவே ஏறாது. தாலாட்டு மாதிரிப் பேசிக்கொண்டே நாஜிகளின் பக்கம் சாய்ந்து, கொலைகாரனாகிறார். வில்லன் என்றால் கத்த வேண்டும் என்று பினாங்குத் தமிழ் மேடையில் எனக்குச் சொல்லிக்கொடுத்தார்கள். இவரைப் பார்த்த பிறகு என்னால் அதை ஏற்க முடியவில்லை.

ஹ்ருஷின்ஸ்கி நாடகக் குடும்பத்துப் பிள்ளை. 1950களில் ஷ்வெய்க் என்ற அப்பாவிச் சிப்பாயாகச் சிரிக்க வைத்தவரும் இவர்தான். 1960 முதல் பிராகா தேசிய நாடக அரங்கில் நடித்தார். 1968இல், நாட்டில் சீர்திருத்தம் கேட்ட 'இரண்டாயிரம் சொற்கள்' அறிக்கையில் கையெழுத்திட்டதால், கம்யூனிஸ்ட் ஆட்சியாளர்கள் பிறகு சில ஆண்டுகள் திரைப்பட வாய்ப்பைப் பறித்தார்கள். நினைத்தாலே வயிறு எரிகிறது.

அப்புறம் 1985இல், யிரி மென்செல் இயக்கிய படத்தில் கிராமத்து டாக்டராக வந்தார். கவிதை சொல்லிக்கொண்டே காரைப் பள்ளத்தில் இறக்குவார். அதே மெல்லிய குரல்தான். இந்த முறை பயமே வரவில்லை, அவ்வளவு பிரியமாக இருந்தது.