காசியில் இருந்த தீட்சிதர்

கர்நாடக இசை மும்மூர்த்திகளில் ஒருவரான முத்துசுவாமி தீட்சிதர் காசியில் இருந்த கதையை யார் எடுத்தாலும் கையோடு அவர் எடுத்தாண்ட வடக்கத்தி ராகங்களின் பட்டியலும் வந்துவிடும்: யமுனா கல்யாணி, பிருந்தாவன சாரங்கா, ஹமீர் கல்யாணி, த்விஜாவந்தி. பட்டியலில் பிழையில்லை. ஆனால் கல்லடியில் பிள்ளைகளுக்கு வயலின் சொல்லிக்கொடுக்கிற எனக்கு, அவர் அங்கே சம்பாதித்தது நிதானம் என்றுதான் படுகிறது.

இளவயதில் குரு சிதம்பரநாத யோகியோடு போனவர், வருஷக்கணக்கில் கங்கைக்கரையில் இருந்திருக்கிறார். துருபத் என்கிற பழைய வடநாட்டுச் சங்கீதம் பாடுகிறவர்கள் இருந்த ஊர். ஒரு சுரத்தில் நின்று, ஆறுதலாக அதை அனுபவித்துவிட்டு அடுத்ததுக்குப் போகிற பாட்டு. அவருடைய விளம்ப காலக் கிருதிகளில், அதாவது மெதுவாக நடக்கிற பாட்டுகளில், அந்த நடை எனக்கு நன்றாகவே கேட்கிறது.

போன கிழமை வகுப்பில் அவருடைய யமுனா கல்யாணிக் கிருதி ‘ஜம்பூபதே’ எடுத்தேன். "மிஸ், இது எப்ப முடியும்?" என்றாள் ஒருத்தி. நியாயமான கேள்விதான், வில்லை இழுத்து இழுத்துக் கை ஓய்ந்துவிடும். உயர்ந்த ‘ம’வான பிரதி மத்திமம் ஆளுகிற ராகத்தில், ‘க’ என்கிற காந்தாரங்களுக்கு நடுவே தாழ்ந்த ‘ம’வான சுத்த மத்திமம் மெல்ல எட்டிப் பார்க்கும். வில் அவசரப்பட்டால் அது காதில் விழாமலே போய்விடும். பாட்டு திருவானைக்காவலுக்கு, பஞ்சபூதத் தலங்களில் நீருக்கு உரியது. அனுபல்லவியில் கங்கை, காவேரி, யமுனை மூன்றையும் ஒரே மூச்சில் சொல்லிவிடுகிறார். யமுனையோடு ராகத்தின் பெயரும் உள்ளே வந்துவிட்டது பாருங்கள்! காவேரிக்கரைச் சிவனை வடக்கத்தி ராகத்தில் பாடியும் கோயில் வாசனை போகவில்லை.

சென்னைக்குப் பக்கத்து மணலியில் இருந்தபோது நடந்தது வேறு. ஜோர்ஜ் கோட்டை வெள்ளைக்காரரின் பாண்ட் மெட்டுகளுக்கு சமஸ்கிருதத்தில் வரிகள் போட்டார். அவைதான் நொட்டுஸ்வரங்கள், எல்லாம் சங்கராபரணம். ‘சந்ததம் பாஹிமாம்’ இங்கிலாந்து ராஜாவை வாழ்த்துகிற அதே மெட்டு. சுரத்தை அசைக்கிற கமகம் கிடையாது, பிள்ளைகள் அன்றைக்கே வாசித்துவிடுவார்கள். எனக்கும் பிடிக்கும். ஆனாலும் அங்கே மெட்டு மெட்டாகவே நிற்கிறது. காசியில் கேட்டதை அவர் அப்படி விடவில்லை.

மணலியை அதற்காகக் குறைத்துப் பேசவும் எனக்கு வாய் வராது. தம்பி பாலுசுவாமி ஐரோப்பிய வயலினைக் கற்று நம்முடைய இசைக்குப் பழக்கியது அந்தப் பக்கத்தில்தான். என் வீட்டில் அடுப்பெரிவதே அந்தப் புண்ணியத்தில்.