இரண்டு முறை எழுதப்படும் படம்

ஆவணப்படத் தயாரிப்பாளராகவும் எழுத்தாளராகவும் இருப்பவர், இன்னும் நிகழாத ஒன்றை நிகழ்ந்ததுபோல விவரித்து, நிதி வேண்டி முன்மொழிவு எழுதுவதிலிருந்தே தன் வேலையைத் தொடங்குகிறார். படப்பிடிப்பு முடிந்தபின் அந்த முன்மொழிவில் பெரும்பகுதி பயனற்றுப்போகும். அதற்காக நான் வருந்துவதை எப்போதோ நிறுத்திவிட்டேன்.

உண்மையான எழுத்து அதன்பிறகுதான். பல மணி நேர நேர்காணல்களை, எந்த வரி பதிவின் எந்த நொடியில் வருகிறது என்ற நேரக் குறியீட்டோடு எழுத்தில் பெயர்த்து, தேவையான வரிகளை வெட்டி அடுக்கி, காகிதத்திலேயே ஒரு படத்தொகுப்பைச் செய்து பார்க்கிறோம். ஒருவர் தயங்கிச் சொன்னதைத் தயக்கத்தை நீக்கிச் சேர்த்தால் வாக்கியம் சீராகும், ஆனால் அவர் சொன்னதே வேறாகிவிடும். 1926இல் 'டாக்குமெண்டரி' என்ற சொல்லை ஒரு திரை விமர்சனத்தில் கையாண்ட ஆவணப்பட முன்னோடி ஜான் கிரியர்சன், பின்னாளில் இக்கலையை நடப்பு உண்மையைப் படைப்பூக்கத்தோடு கையாள்வது என்று விளக்கினார். அந்தப் படைப்பூக்கத்தின் எல்லை எதுவென்ற கேள்வி ஒவ்வொரு வெட்டிலும் எழுகிறது.

பின்னணி வர்ணனையைக் கடைசியில்தான் எழுதுகிறேன். காட்சியில் தெரிவதைச் சொல்லும் வரியை அடித்துவிட்டால், பெரும்பாலும் பாதிகூட எஞ்சுவதில்லை.

தயாரிப்பாளரின் கணக்கு தனி. பிறரிடமிருந்து பெற்றுப் படத்தில் சேர்க்கும் பழைய காட்சித் துணுக்குகளின் கட்டணம் பெரும்பாலும் நொடிக்கணக்கில் அமைகிறது. அனுமதியும் குறிப்பிட்ட ஆண்டுகளுக்கே கிடைப்பதுண்டு. அது காலாவதியானதால், முடிந்த படமொன்றைத் திரையிட முடியாமல் நான் அலமாரியில் வைத்திருக்கிறேன்.