ஜெல்லிமீன் கட்டத்தில் பூஜ்யம்

கடல் உணவு வலையின் பழைய வரைபடங்களில் ஜெல்லிமீனை நோக்கிப் பல அம்புகள் போகும்: கோப்பிபாடுகள் என்ற நுண்ணிய மிதவை ஓட்டுயிரிகளிலிருந்து, மீன் முட்டைகளிலிருந்து, மீன்குஞ்சுகளிலிருந்து. அதை விட்டு வெளியே வருபவை ஒன்றிரண்டுதான், தோல்முதுகுக் கடலாமைக்கும் சூரியமீனுக்கும். எதையும் தின்னும், அதை யாரும் தின்பதில்லை என்ற முடிவு அப்படித்தான் நிலைத்தது. அதற்குக் கடலைவிட நாம் மாதிரி எடுக்கும் விதமே பெரிய காரணம்.

முதல் கோளாறு வலையில். வேகமாக இழுத்தால் ஜெல்லிமீன் கூழாகிக் கண்ணி வழியே போய்விடும். சீப்பு ஜெல்லிகள் (சீப்பு போன்ற இழை வரிசைகளால் நீந்தும் கூழுடல் உயிரிகள்) அதைவிட மென்மையானவை. உடையாமல் வந்தாலும் வலையின் கடைசிக் குடுவையில் எல்லாம் நெருங்கிக் கிடக்கும்போது அது பக்கத்தில் உள்ள கோப்பிபாடுகளைப் பிடித்துத் தின்னும். அந்த வயிற்றை அறுத்து, கடலில் இதைத்தான் தின்றது என்று எழுதுவது தவறு. உணவு ஆய்வுக்கு வேண்டியவற்றை நீர்மட்டத்தில் ஒவ்வொன்றாகக் கைவலையிலோ, மூழ்குநர் மூலம் ஜாடியிலோ எடுத்து, அங்கேயே பதப்படுத்த வேண்டும். சில மணி நேரத்தில் உணவு செரித்துவிடும். வெதுவெதுப்பான நீரில் இன்னும் சீக்கிரம்.

பதப்படுத்துவதில் பலர் கவனிக்காதது ஒன்று உண்டு. உடலில் ஏறக்குறைய 95 சதவீதம் நீர் என்பதால், ஊற்றும் திரவத்தை ஜெல்லிமீனே நீர்த்துப்போகச் செய்துவிடும். 95 சதவீத எத்தனாலில் போட்டால் மறுநாள் அதைக் கொட்டிவிட்டுப் புதிது ஊற்ற வேண்டும். இல்லாவிட்டால் டிஎன்ஏ சிதையும். உருவம் கெடாமல் இருக்க, போராக்ஸ் சேர்த்த 4 சதவீத ஃபார்மலினைக் கடல்நீரில் கலந்து பயன்படுத்தலாம். ஆனால் சீப்பு ஜெல்லிகளில் சில வகைகள் அதிலும் கரைந்துபோகும். அவற்றைப் பிடித்த கையோடு எண்ணி, அளந்து, படம் எடுத்துவிடுவதே வழி. மேசையில் வைத்த ஜெல்லிமீன் நீரை இழந்துகொண்டே இருக்கும் என்பதால் எடையும் குடை போன்ற உடலின் விட்டமும் பிடித்த உடனே எடுத்தவையாக இருக்க வேண்டும். செத்ததுதானே என்று கையுறையைக் கழற்ற வேண்டாம். கொட்டும் செல்கள் அப்போதும் வேலை செய்யும். நன்னீரில் கழுவினால் இன்னும் மோசம்.

இரண்டாவது கோளாறு, தின்றவர்களின் வயிற்றில். கேட்டா சால்மன் மீன்களில் நடந்த சோதனையில் சீப்பு ஜெல்லி, அதே எடை இறாலைவிட 20 மடங்குக்கும் மேலான வேகத்தில் செரித்தது. ஓடும் செதிலும் முள்ளும் இல்லாத உணவு எந்தத் தடயத்தையும் விடாது. வயிற்றைத் திறந்து பார்ப்பதை மட்டும் நம்பினால் ஜெல்லிமீன் எப்போதும் குறைவாகவே தெரியும்.

தின்ற விலங்கின் திசுவில் உள்ள கார்பன், நைட்ரஜன் வகைகளை வைத்து அதன் உணவை அறியும் ஐசோடோப்பு அளவீடு இதைக் கொஞ்சம் சரிசெய்தது. ஆனால் உலர்ந்த ஜெல்லியில் பெரும்பகுதி உப்பு. மீன் தசைக்கு ஒரு மில்லிகிராமுக்குள் போதும். குடைத் திசுவுக்குப் பல மடங்கு அதிகம் வேண்டும். உப்பு ஈரத்தை இழுப்பதால் உலர்த்திய பொடியை உடனே அடைக்க வேண்டும். ஃபார்மலினில் கிடந்த மாதிரி இதற்கு ஆகாது. டிஎன்ஏ முறை இன்னும் கூர்மையானது, அதிலும் ஒரு பொறி இருக்கிறது: ஜெல்லிமீன் மேல் வாழ்ந்து அதையே தின்னும் ஆம்பிபாட் என்ற சிறு ஓட்டுயிரியை ஒரு மீன் விழுங்கினாலும், அந்த மீனின் வயிற்றில் ஜெல்லி டிஎன்ஏ தெரியும். இருக்கிறது என்று மட்டும் சொல்லலாம், இவ்வளவு என்று சொல்லக்கூடாது. பென்குயின்களின் முதுகில் பொருத்திய கேமராக்கள்தான் சந்தேகத்துக்கு இடமில்லாமல் காட்டின: அவை ஜெல்லிகளைத் தேடிப்போய்க் கொத்துகின்றன.

இவ்வளவு நீரான உணவில் என்ன லாபம்? ஒரு கிராமில் ஆற்றல் மிகக் குறைவு, ஆனால் துரத்த வேண்டியதில்லை, சீக்கிரம் செரிக்கும். கனடாவின் நோவா ஸ்கோஷியா கடற்பகுதிப் தோல்முதுகுக் கடலாமைகள் நாளொன்றுக்குத் தம் எடையில் சராசரியாக 73 சதவீதம் அளவுக்கு ஜெல்லிமீன் தின்பதாக 2012-இல் கணக்கிட்டார்கள். பல விலங்குகள் முழு உடலையும் தின்னாமல், சத்து மிகுந்த இனப்பெருக்கச் சுரப்பியை மட்டும் கடித்தெடுக்கும். குடையில் ஓட்டை விழுந்த ஜெல்லிமீன் வந்தால் வலை கிழித்தது என்று ஒதுக்காமல், ஓட்டை எங்கே இருக்கிறது என்று பாருங்கள்.

செத்து மூழ்குபவையும் வீணாவதில்லை. நார்வேயின் ஆழமான கடற்கழியில் இறக்கிய ஜெல்லிமீன் சடலங்களை ஹேக்ஃபிஷ் என்ற தாடையில்லா மீன்களும் நண்டினங்களும் சில மணி நேரத்தில் தின்றுதீர்த்தது கேமராவில் பதிவானது.

நமீபியக் கடல் நல்ல உதாரணம். அங்கே ஜெல்லிமீன் 1.22 கோடி டன், மீன் 36 லட்சம் டன் என்று 2006-இல் ஒரு மதிப்பீடு வெளியானது. மத்தி வளம் சரிந்த அந்தக் கடலில், உணவெல்லாம் ஜெல்லியில் போய் முடிந்துவிட்டது என்று பேசினார்கள். பிறகு, அங்குள்ள சிறிய தாடிக் கோபி மீன் ஜெல்லிமீனையும் தின்கிறது, அந்தக் கோபியை ஹேக் மீன், குதிரைக் கானாங்கெளுத்தி, கடற்பறவைகள் எல்லாம் தின்கின்றன என்று தெரியவந்தது. விட்டுப்போன அம்பு அது. அதற்காக ஜெல்லிப் பெருக்கம் நல்லது என்று ஆகிவிடாது. கருங்கடலில் 1980-களில் கப்பல்கள் சமநிலைக்காக நிரப்பும் நிலைநீரோடு வந்த சீப்பு ஜெல்லி, நெத்திலி மீன்பிடிப்பு சரிந்ததில் பங்கு வகித்தது. அதைத் தின்னும் இன்னொரு சீப்பு ஜெல்லி 1997-இல் அங்கே வந்த பிறகே அது அடங்கியது.

மீன்வள ஆய்வுக் கப்பல்களில் ஜெல்லிமீன் பெரும்பாலும் ‘பிற’ என்ற கட்டத்தில் விழும், அல்லது எடை போடாமலே கடலுக்குத் திரும்பும். எடை போட ஆளில்லை என்றால் ஒரு கூடையையாவது எடுத்து அளந்து, மொத்தம் எத்தனை கூடை என்று குறியுங்கள். அதுவும் முடியாதபோது அந்தக் கட்டத்தில் 0 போடாமல் ‘எண்ணவில்லை’ என்று எழுதுங்கள்.