சாவி யார் கையில்?

2023ஆம் ஆண்டு கிறிஸ்துமஸ் பருவத்தில் ஷெவர்லே நிறுவனம் அமெரிக்காவில் வெளியிட்ட ஐந்து நிமிட விளம்பரத்தை முதல் முறை பார்த்தபோது அழுதேன். இரண்டாம் முறையும் அழுகை வந்தது. மூன்றாம் முறைதான் கண்ணைத் துடைத்துக்கொண்டு, இதில் அவர்கள் விற்க நினைக்கும் கார் எது என்று தேடத் தொடங்கினேன். விளம்பரங்களை இப்படிப் பிரித்துப் போட்டுப் பார்ப்பது எனக்கு நெடுநாள் பழக்கம். அதிலும் முதியவர்கள் வரும் கார் விளம்பரம் என்றால் விடுவதே இல்லை. அதற்குச் சொந்தக் காரணம் ஒன்று உண்டு, பிறகு சொல்கிறேன்.

கதை எளிமையானது. பண்டிகைக்காகக் குடும்பம் கூடியிருக்கிறது. மறதி நோய் கண்ட பாட்டி, சுற்றி நடப்பது எதிலும் ஒட்டாமல் அமர்ந்திருக்கிறார். பேத்தி அவரை அழைத்துப் போய், வீட்டில் நிற்கும் 1972ஆம் ஆண்டு சபர்பன் வண்டியில் ஏற்றி, அவர் இளமையில் பழகிய இடங்களை ஒவ்வொன்றாகச் சுற்றிக் காட்டுகிறாள். வண்டிக்குள் அமெரிக்கப் பாடகர் ஜான் டென்வரின் பாட்டு ஒலிக்கிறது. பாட்டியின் முகத்தில் மெல்ல வெளிச்சம் வருகிறது. வீடு திரும்பும்போது அவர் தன் மனிதர்களை அடையாளம் கண்டுகொள்கிறார். அவ்வளவுதான்.

எடுத்தவர்கள் வண்டியைத் தேர்ந்த விதத்தைப் பாராட்டத்தான் வேண்டும். சபர்பன் என்ற பெயர் 1935 முதல் வழக்கில் இருப்பது. எந்த ஆண்டு வண்டியை வேண்டுமானாலும் அவர்கள் நிறுத்தியிருக்கலாம். 1967 முதல் 1972 வரை வந்த சபர்பனுக்கு மூன்றே கதவுகள்: ஓட்டுபவர் பக்கம் ஒன்று, மறுபக்கம் இரண்டு. 1973இல்தான் நான்கு கதவுகள் வந்தன. ஆகவே அந்தக் காலத்துக் குடும்பத்தில், அப்பா ஓட்ட அம்மா பக்கத்தில் அமர்ந்தால், பிள்ளைகள் அத்தனை பேரும் அம்மாவின் பக்கமாகத்தான் ஏறி இறங்கியிருக்க வேண்டும். முன்னிருக்கையும் இன்றைய கார்களில் போல நடுவே பள்ளம் விட்டுப் பிரிந்ததல்ல. ஒரே நீளமாக, பெஞ்சு போல இருக்கும். ஓட்டுபவரின் தோளில் சாய்ந்துகொள்ள முடியும். பாட்டு ஒலிப்பது, 1966ஆம் ஆண்டு மாடல்களில் ஃபோர்டு நிறுவனம் கொண்டுவந்த பிறகு அமெரிக்கக் கார்களில் பரவிய எயிட் டிராக் என்னும் தடித்த நாடாப் பெட்டியிலிருந்து. ஒரு பெண்ணின் இளமை முழுவதும் அந்த வண்டியின் உட்புறத்தில் உறைந்திருக்கிறது என்பதை வசனமே இல்லாமல் காட்டிவிடுகிறார்கள்.

கற்பனைக்கு அடியில் கொஞ்சம் மருத்துவமும் இருக்கிறது. பழைய பாட்டு, புகைப்படம், கையில் எடுத்துப் பார்க்கும் பொருட்கள் ஆகியவற்றைக் கொண்டு மறதி நோயாளிகளின் நினைவைத் தட்டிக் கொடுக்கும் முறை பல நாடுகளில் பயன்பாட்டில் உள்ளது. அதைச் சரியாகக் காட்டுவதற்காக அமெரிக்காவின் அல்சைமர் சங்கத்துடன் ஷெவர்லே கலந்தாலோசித்தது. இந்த முறைக்குப் பின்னால் ராபர்ட் பட்லர் என்ற மனநல மருத்துவரின் சிந்தனை இருக்கிறது. முதியவர்கள் பழைய கதையையே பேசிக்கொண்டிருப்பதை மூளைத் தளர்ச்சி என்று பலரும் ஒதுக்கிய காலத்தில், அது வாழ்க்கையைத் திரும்பப் பார்த்துக் கணக்குத் தீர்க்கும் அவசியமான வேலை என்று 1963இல் அவர் எழுதினார். வயதைக் காரணம் காட்டி மனிதர்களை ஒதுக்கும் மனப்பாங்குக்கு ஆங்கிலத்தில் இன்று வழங்கும் பெயரை 1960களின் இறுதியில் உருவாக்கியவரும் அவர்தான். கார் விளம்பரம் ஒன்று அவர் வரைக்கும் கொண்டுபோய் விடும் என்று நான் நினைக்கவில்லை.

மறதி நோயாளியோடு வாழ்ந்தவர்களுக்கு ஓர் உறுத்தல் தோன்றலாம். ஒரு சுற்றுப் பயணத்தில் நோய் திரும்பிப் போவதில்லை. நல்ல மணி நேரம் ஒன்று வாய்க்கும். பொழுது சாயும்போது குழப்பம் கூடிவிடும். ஆனால் அந்த நல்ல மணி நேரம் உண்மையானது என்பதையும் அவர்களே சொல்வார்கள். அந்த அளவில் விளம்பரம் பொய் சொல்லவில்லை என்பது என் முடிவு.

என் சிக்கல் வேறு இடத்தில் இருக்கிறது. இதற்கு இரண்டு ஆண்டுகள் முன்பு, 2021இல், இதே நிறுவனம் இதே பருவத்துக்கு எடுத்த விளம்பரத்தில் மனைவியை இழந்த ஒரு பெரியவர் வருகிறார். கொட்டகையில் தூசி படிந்து கிடக்கிறது மனைவியின் நினைவாக மிஞ்சிய 1966ஆம் ஆண்டு இம்பாலா. மகள் அவருக்குத் தெரியாமல் அதைச் சீர்செய்து முடித்துக் கண்முன் நிறுத்துகிறாள். 2019ஆம் ஆண்டின் கடைசி நாளில் ஃபோக்ஸ்வேகன், தன் பீட்டில் காருக்கு விடை கொடுக்கும் அசைபடம் ஒன்றை வெளியிட்டது. ஒரு பையன் அந்தக் காரோடு வளர்ந்து, காதலித்து, மணந்து, தலை நரைத்து நிற்கும்போது, பீட்டில் தன் பெயருக்கேற்பச் சிறகு விரித்து வண்டாகவே பறந்துபோகிறது. மூன்றிலும் கதையைச் சுமப்பது காட்சியறையில் போய் வாங்க முடியாத கார். சபர்பனும் இம்பாலாவும் அரை நூற்றாண்டுப் பழசு. பீட்டிலின் கடைசி வண்டி அந்தப் படம் வருவதற்கு ஐந்து மாதங்களுக்கு முன்பே மெக்சிகோவின் புயெப்லா ஆலையை விட்டு வெளியேறிவிட்டது.

இது தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை. புதுக் காரில் புதுக் காரின் வாசனையைத் தவிர எதுவும் கிடையாது. யாரும் அதில் பிரசவத்துக்குப் போனதில்லை, யாரும் அதன் பின்னிருக்கையில் அழுததில்லை. அந்தப் பழங்கதையை நிறுவனம் யாரிடமாவது கைமாற்றாக வாங்கியாக வேண்டும். அதற்காகத்தான் பாட்டியும் தாத்தாவும் அழைக்கப்படுகிறார்கள். அழவேண்டியவர் திரையிலுள்ள பேத்தியின் வயதில் இருப்பவர். கடன் தவணை கட்டப் போகிறவரும் அவரே.

இதற்கு முந்தைய காலம் இன்னும் மோசம். இளைஞனுக்கான காரை முதியவரிடம் விற்கலாம், முதியவருக்கான காரை இளைஞனிடம் விற்கவே முடியாது என்பது அமெரிக்கக் கார்த் தொழிலின் மையமான டெட்ராய்ட் வட்டாரத்தில் பழமொழி போலவே சொல்லப்படும் ஒன்று. ஆகவே நரைத்த தலை விளம்பரச் சட்டகத்துக்குள் வராமல் பார்த்துக்கொண்டார்கள். 1897இல் தொடங்கிய ஓல்ட்ஸ்மொபைல் கார் நிறுவனம் 1980களின் நடுவில் ஆண்டுக்குப் பத்து லட்சம் கார்களுக்கு மேல் விற்றது. வாடிக்கையாளர்களின் வயது கூடிக்கொண்டே போவதைக் கண்டு கலங்கிய நிறுவனம், 1988இல் ‘இது உங்கள் அப்பாவின் ஓல்ட்ஸ்மொபைல் இல்லை’ என்று விளம்பரம் செய்தது. பிரபலங்களையும் அவர்களுடைய பிள்ளைகளையும் சேர்த்து நடிக்க வைத்தார்கள். வாசகம் ஊரெல்லாம் பரவியது. ஆனால் அத்தனை காலமும் அந்தக் காரை வாங்கிக்கொண்டிருந்தவர்கள் அப்பாக்கள்தானே! அவர்களுடைய முகத்துக்கு நேராகவே ‘உங்கள் ரசனை வேண்டாம்’ என்று சொன்னால் அவர்கள் என்ன செய்வார்கள்? இளைஞர்களும் திரளாக வரவில்லை. கடையை மூடியதற்கு வேறு காரணங்களும் உண்டு என்றாலும், 2004இல் அந்தப் பெயரே முடிவுக்கு வந்தது.

பின்னர் முதியவர்கள் உள்ளே வந்தார்கள், நிபந்தனையோடு. 2018ஆம் ஆண்டு சூப்பர் பவுல் என்னும் அமெரிக்கக் கால்பந்து இறுதி ஆட்டத்தின்போது வந்த கியா ஸ்டிங்கர் விளம்பரத்தில், 69 வயது ராக் பாடகர் ஸ்டீவன் டைலர் காரைப் பின்னோக்கி ஓட்டி ஓட்டி இளைஞராகிவிடுகிறார். முதுமை அங்கே கழற்றிப் போடவேண்டிய சட்டை. 2015இல் டாட்ஜ் நிறுவனம் தன் நூற்றாண்டை முன்னிட்டு, நூறு வயதை ஒட்டிய உண்மையான மனிதர்களைக் கேமராவுக்கு முன் அமர்த்தி வாழ்க்கை பற்றி ஒவ்வொரு வரி பேச வைத்தது. எனக்கு அது பிடிக்கும். அந்த முகங்களின் சுருக்கத்தை விளக்கு போட்டு மறைக்காமல் அருகே போய்க் காட்டினார்கள், பேச்சிலும் குறும்பு இருந்தது. ஆனாலும் அறிவுரை சொல்லி முடித்ததும் அவர்களின் வேலை முடிந்துவிடுகிறது. டயர் புகைய வண்டி சீறிப் போவது அடுத்த காட்சி.

இவற்றில் ஒன்றே ஒன்றைத் திரும்பத் திரும்பப் பார்க்கிறேன். 2016 பிப்ரவரி 7 அன்று, ஐம்பதாவது சூப்பர் பவுல் ஆட்டத்தின் இடையே, ஜெர்மானிய நிறுவனமான ஆடியின் விளம்பரம் வந்தது. 30 நொடிக்குச் சுமார் 50 லட்சம் டாலர் வாங்கிய ஆட்டத்தில் ஒரு முழு நிமிடம். பழைய விண்வெளி வீரர் ஒருவர் வீட்டில் நாற்காலியில் முடங்கியிருக்கிறார். சாப்பாடு தொடப்படாமல் இருக்கிறது. ஒரு காலத்தில் ராக்கெட்டில் ஏறப் போனவர் இவர் என்பது சுற்றியுள்ள பொருட்களில் தெரிகிறது. மகன் வந்து, அப்பா என்று கூப்பிடாமல் அவருடைய பழைய பதவியைச் சொல்லிக் கூப்பிட்டு, வெளியே அழைத்துப் போய் ஆர்8 காரின் சாவியைக் கொடுக்கிறான். அவர் இயந்திரத்தை உயிர்ப்பிக்கும்போது, ராக்கெட் கிளம்பிய நாளும் காரின் வேகமும் ஒன்றோடொன்று மாறி மாறி வருகின்றன. பின்னணியில் பிரிட்டிஷ் பாடகர் டேவிட் போவியின் பாட்டு. நான்கு வாரங்களுக்கு முன்புதான் போவி இறந்திருந்தார் என்பதால், பார்த்தவர்களுக்குத் தொண்டை அடைத்ததில் அதற்கும் பங்கு இருந்திருக்கும்.

இதிலும் கணக்கு உண்டு, ஆடம்பரக் கார் உண்டு. வயதான காலத்து மனச்சோர்வுக்கு இத்தனை குதிரைத்திறன் மருந்தாகுமா என்று கேட்டால் பதில் கிடையாது. ஆனால் இந்தப் பெரியவர் ஸ்டீயரிங்குக்குப் பின்னால் அமர்கிறார். நினைவைச் சுமந்து பக்கத்து இருக்கையில் வருபவராக இல்லாமல், ஓட்டுபவராக. சாவி அவர் கைக்கு வரும் அந்த ஓரிரு நொடிகளுக்காகத்தான் நான் அதைப் பார்க்கிறேன்.

இந்த இடத்தில் வாகன நிறுவனங்களின் இன்னொரு முகத்தையும் சொல்ல வேண்டும். 1990களில் ஃபோர்டு நிறுவனத்தின் பொறியாளர்கள் முதுமையை உணர்ந்து பார்ப்பதற்காகவே ஓர் உடை வைத்திருந்தார்கள். முழங்காலும் முழங்கையும் மடங்காமல் இறுக்கும்; இடுப்பைச் சுற்றிப் பஞ்சு அடைத்துப் பருமனாக்கும்; கையுறை தொடு உணர்வைக் குறைக்கும்; மஞ்சள் பூத்த கண்ணாடி கண்புரை கண்டவரின் பார்வையைத் தரும். முப்பது வயதுப் பொறியாளர்கள் அதை மாட்டிக்கொண்டு காரில் ஏறி இறங்கித் தடுமாறினார்கள். 1998இல் வந்த ஃபோகஸ் காரின் உயரமான இருக்கைக்கும் அகலமான கதவுக்கும் அந்தத் தடுமாற்றத்தில் பங்கு உண்டு. வடிவமைப்புக் கூடத்துக்கு முதியவரின் முழங்கால் தெரிந்திருக்கிறது. விளம்பரப் பிரிவுக்கு அவருடைய கண்ணீர் மட்டுமே தெரிந்திருக்கிறது. ஒரு பெரியவர் கதவின் மேல் கைப்பிடியைப் பற்றி, முதலில் இடுப்பை இருக்கையில் வைத்து, பிறகு ஒவ்வொரு காலாக உள்ளே தூக்கிவைத்து, மூச்சு வாங்கிவிட்டு ‘ம், போகலாம்’ என்று சொல்லும் முழு நிகழ்வையும் வெட்டாமல் காட்டிய விளம்பரத்தை நான் இன்னும் பார்க்கவில்லை. எடுத்தால் இருபது நொடி வரும்.

சொந்தக் காரணத்துக்கு வருகிறேன். என் அப்பாவுக்கு 79 வயது. பிரீமியர் பத்மினியில் ஓட்டக் கற்றவர். கிளட்சை மிதிக்கும் அவருடைய இடது காலுக்குத் தனி நிதானம் உண்டு என்று அம்மா கேலி செய்வார். ஐந்தாண்டுக்கு ஒரு முறை தவறாமல் மருத்துவரிடம் சான்று வாங்கி உரிமத்தைப் புதுப்பித்துக்கொண்டு வந்தார். இரண்டு ஆண்டுகளுக்கு முன், மாலை மங்கும் நேரத்தில், எங்கள் தெருமுனையில் நின்றிருந்த ஒரு தள்ளுவண்டியை அவர் ஓட்டிய கார் உரசிவிட்டது. யாருக்கும் அடியில்லை. இரவு சாப்பிட்ட பிறகு, “இனிமே நானே ஓட்டறேம்பா” என்றேன். அவர் மறுத்துப் பேசவில்லை. சட்டைப் பையிலிருந்து சாவியை எடுத்து, அதில் கோத்திருந்த பீரோ சாவியை மட்டும் நிதானமாகக் கழற்றிக்கொண்டு, கார் சாவியை மேசையில் வைத்தார். அந்த வளையத்தைப் பிரிக்க நகம் போதாமல் அவர் பட்ட பாட்டைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன், உதவவில்லை.

இப்போது அவர் எனக்கு இடப்பக்கம் அமர்ந்து வருகிறார். சிக்னல் வருவதற்குச் சற்று முன்பே அவருடைய வலது கால் தரையை அழுத்தும். மாநகரப் பேருந்து குறுக்கே வந்தால் இரண்டு முறை அழுத்தும். அவர் பக்கத்து ரப்பர் விரிப்பில் குதிகால் ஊன்றும் இடத்தில் சின்னதாக ஒரு வட்டம் தேய்ந்து வழுவழுப்பாகிவிட்டது. வண்டியைக் கழுவும்போதுதான் கவனித்தேன். விரிப்பை மாற்றவில்லை.

போன வாரம் அந்த ஆடி விளம்பரத்தை அவருக்குக் கைப்பேசியில் போட்டுக் காட்டினேன். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி, திரையை அருகே பிடித்துக்கொண்டு முழுவதும் பார்த்தார். நான் அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். முடிந்ததும் திருப்பிக் கொடுத்துவிட்டுச் சொன்னார்: “வண்டி நல்லாத்தான் இருக்கு. ஆனா தரையோட தரையா இருக்கேப்பா, இறங்கும்போது அவருக்கு யாரு கை குடுப்பா?”